கூடையை இறக்கிவிட்டேன்

அனுமந்தன்பட்டிக்குப் பாதை பிரிகிற விலக்கில் ஓச்சம்மாள் அக்காவின் கத்தரிக்காய்க் கூடையை வண்டியிலிருந்து இறக்கியது நான்தான். வேறு யார் பேரையும் இழுக்க வேண்டாம். இந்த இரண்டு கையாலும் தூக்கி ரோட்டோரப் புழுதியில் வைத்தேன்.

விடிந்தும் விடியாத நேரம். வயல் பக்கமிருந்து ஈரக்காற்று வந்துகொண்டிருந்தது. வண்டிக்குப் பின்னால் கட்டியிருந்த கரி அடுப்பு புகைந்து என் கண்ணெல்லாம் எரிந்தது. யுத்த காலம் அது. பெட்ரோல் கண்ணில் காணக் கிடைக்காது. எங்கள் பக்கத்து பஸ்ஸெல்லாம் மரக்கரியைப் போட்டு, அதிலிருந்து வரும் வாயுவில்தான் முக்கி முனகி ஓடின.

வண்டிக்குள் டிரைவர் மொக்கைச்சாமி அண்ணனும் நானும் மட்டும். கரி போடுகிற வேலை என்னுடையது. ஒரு ஆளைக் கூட்டிப் போனால் அவனையே பயணி என்று எழுதிவிடுவார்களோ என்று பயந்து நானே சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு ஏறியிருந்தேன். மற்ற சீட்டெல்லாம் காலி.

மதுரைக்குப் போய்க்கொண்டிருந்தோம். பெர்மிட் போர்டு வண்டியைக் கொண்டுவந்து காட்டச் சொல்லியிருந்தது. அன்றைக்கு வண்டிச் சோதனை, மறுநாள் விசாரணை. பெர்மிட் இல்லாத வண்டி என்பதால் வழியில் ஒரே ஒரு ஆளை ஏற்றினாலும் எங்கள் கதை முடிந்தது.

அந்த நேரம் பார்த்து ஓச்சம்மாள் அக்கா கையை நீட்டினாள். மொக்கைச்சாமி அண்ணனின் கால் தானாகப் பிரேக்கை மிதித்துவிட்டது. கை நீட்டினால் நிற்க வேண்டும் என்பது என் வீட்டுக்காரர் வைத்த சட்டம். வருஷக்கணக்காய் மிதித்துப் பழகிய கால்.

"ஏ பேச்சி! வண்டிய விட்டுட்டியா? மகராசியா இருப்பத்தா!" என்று சொன்னவள், நான் வாயைத் திறப்பதற்குள் கூடையைத் தூக்கிப் படிக்கு மேலே உள்ளே தள்ளிவிட்டாள்.

"அக்கா, ஏத்தாதீக. பெர்மிட்டு இன்னும் வரல."

"வராட்டி என்ன? நான் என்ன பெர்மிட்டு மேலயா உக்காரப் போறேன்? சீட்டு மேலதான உக்காரப் போறேன்!"

"ஆளை ஏத்துனா வண்டியப் புடிச்சிருவாகக்கா. சும்மா ஏத்துனாலும் குத்தம்தான்."

"அடிப் போடி. நான் ஒன் சொந்தக்காரின்னு சொல்லிக்கிறேன், தள்ளு."

பின்னால் ஹாரன் கேட்டது. எங்கள் ரோட்டைப் பிடித்துக்கொண்டிருந்த பெரிய கம்பெனியின் பஸ் எங்களைத் தாண்டிப் போயிற்று. அதில் முன் சீட்டில் இருந்த ஏஜெண்ட் துரைப்பாண்டி தலையை வெளியே நீட்டி எங்கள் வண்டியைப் பார்த்தான். படியில் ஓச்சம்மாளையும் உள்ளே கூடையையும் பார்த்தான். பார்த்துவிட்டுப் பல்லெல்லாம் தெரியச் சிரித்துக்கொண்டே போனான்.

அப்புறம்தான் நான் கூடையை இறக்கினேன்.

### கூடை ஏறினால் ஆள் ஏறின கணக்கு

கூடையை இறக்கியதை ஒரு பெரிய விஷயமாக எழுதுகிறாளே என்று வெளியூர் வாசகர்கள் நினைக்கலாம். எங்கள் கம்பம் பள்ளத்தாக்கில் பிறந்தவர்கள் நினைக்க மாட்டார்கள்.

எங்கள் ஊர்ப் பக்கத்தில் வண்டியில் முதலில் ஏறுவது கூடை. ஆள் பிறகு. கூடை ஏறிவிட்டால் ஆள் ஏறினதாகத்தான் கணக்கு. கண்டக்டர் கூட்டத்தைப் பார்த்து, "எடமில்லே, அடுத்த வண்டிக்கு வாங்க" என்று யாரை வேண்டுமானாலும் சொல்லலாம். கூடை உள்ளே போயிருந்தால் மட்டும் சொல்லக்கூடாது. ஏற்றின கூடையை இன்னொருத்தர் கை வைத்து இறக்குவது இலை போட்டு உட்கார வைத்தவரைப் பந்தியிலிருந்து எழுப்புவதற்குச் சமம்.

இது மோட்டார் வந்து ஏற்பட்ட வழக்கமல்ல. நான் சின்னப் பெண்ணாக இருந்த காலத்தில், அதாவது பஸ் என்றால் என்னவென்றே தேவாரம் ஊர்ப் பக்கம் பாதிப் பேருக்குத் தெரியாத காலத்தில், சந்தைக்கு மாட்டு வண்டிகள் சாரி சாரியாகப் போகும். காட்டிலிருந்து வரும் பெண்கள் போகிற வண்டியில் கூடையைப் போட்டுவிட்டுப் பின்னாலேயே நடப்பார்கள். வண்டிக்காரன் யார், என்ன பேர் ஒன்றும் தெரியாது. ஆனாலும் சந்தை வாசலில் கூடை பத்திரமாக இருக்கும்.

என் அய்யா ஒருமுறை மழைக்குப் பயந்து வழியில் ஒருத்தியின் கூடையை இறக்கிவிட்டு வந்துவிட்டார். அந்தத் தடவை சந்தையில் அவரிடம் யாரும் பருத்தி எடுக்கவில்லை. "அய்யோ, தெரியாமச் செஞ்சுட்டேன்" என்று அந்தப் பெண்ணின் ஊருக்கே போய்ச் சொல்லிவிட்டு வந்தார். வீட்டுக்கு வந்தும் சோறு இறங்கவில்லை அவருக்கு.

அப்பேர்ப்பட்ட அய்யாவுக்குப் பிறந்தவள் நான். ஓச்சம்மாள் அக்கா என்னைத் திட்டியதில் தப்பே கிடையாது.

"ஏத்துன கூடைய எறக்குறியா? ஏண்டி, ஏத்துன கூடைய எறக்குறியா? புருசனப் பறிகுடுத்தும் ஒனக்குப் புத்தி வல்லியே! ஒன் வண்டி அச்சு முறிஞ்சு போக!" என்று குனிந்து மண்ணை வாரித் தூற்றினாள். மண் என் தலையில் விழுந்தது.

மொக்கைச்சாமி அண்ணன் ஸ்டியரிங்கில் நெற்றியை வைத்துக்கொண்டார். "ஆத்தா, இந்தப் பாவம் நமக்கு வேணாம். ஏத்திக்கிருவோம்."

"எடுங்கண்ணே வண்டிய."

எடுத்தார். வீரபாண்டி தாண்டுகிற வரைக்கும் அவர் என்னோடு பேசவில்லை. நான் அழுதுகொண்டு வந்தேன். கரிப் புகை என்று யாராவது கேட்டால் சொல்லிக்கொள்ளலாம் என்ற தைரியம்தான்.

### மனு எங்கே தூங்கியது

சென்ற வாரம் என் வீட்டுக்காரர் மலைக்காய்ச்சலில் போய்ச் சேர்ந்ததோடு நிறுத்தியிருந்தேன். மேலே சொல்கிறேன்.

எங்களுக்கு இருந்தது ஒரே வண்டி. கம்பத்திலிருந்து உத்தமபாளையம், சின்னமனூர் வழியாகத் தேனிக்குப் போகும், வரும். பெர்மிட் அவர் பேரில். அவர் போன பிறகு சட்டப்படி மூன்று மாதம் அதே பெர்மிட்டில் நான் ஓட்டிக்கொள்ளலாம். அதற்குள் என் பேருக்கு மாற்றிக்கொள்ள வேண்டும். பதினாறாம் நாள் காரியம் முடிந்த கையோடு மனுப் போட்டேன்.

பதில் இல்லை.

மூன்று மாதம் முடிந்ததும் வண்டியை ஷெட்டில் ஏற்றி நிறுத்தினேன். அடுத்த வாரமே பெரிய கம்பெனியின் பஸ் எங்கள் நேரத்துக்கு எங்கள் ரோட்டில் ஓட ஆரம்பித்தது. தற்காலிக பெர்மிட்டாம். தற்காலிகம் என்றால் எதுவரைக்கும் என்று கேட்டேன். உங்கள் மனு முடிவாகிறவரைக்கும் என்றார்கள். என் மனு எப்போது முடிவாகும் என்று கேட்டேன். பரிசீலனையில் இருக்கிறது என்றார்கள். நல்ல ஏற்பாடு. மனு எவ்வளவு காலம் தூங்குகிறதோ அவ்வளவு காலம் கம்பெனிக்குக் கொண்டாட்டம்.

மதுரை ஆபீசுக்கு நடையாய் நடந்தேன். நடை என்று பேச்சுக்குச் சொல்கிறேன். போடி ரயில் தண்டவாளத்தை யுத்தத்துக்கென்று பிடுங்கிக்கொண்டு போயிருந்தார்கள். மதுரைக்குப் போக வேண்டுமென்றால் அந்தக் கம்பெனி பஸ்ஸிலேயே டிக்கெட் எடுத்து உட்கார வேண்டும். ஏஜெண்ட் துரைப்பாண்டி, "வாங்க மொதலாளியம்மா" என்று கடைசி சீட்டைத் துடைத்துக் காட்டுவான். அந்தச் சிரிப்பை நினைத்தால் இன்றைக்கும் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது.

ஒரு தடவை பஸ் குலுங்கிக்கொண்டு போகையில் பக்கத்தில் வந்து நின்றான். "எதுக்கு அலையுறீக? பொம்பளைக்குப் பெர்மிட்டு குடுக்க மாட்டாக. வண்டிய எங்களுக்கே குடுத்துட்டு ரெண்டு பொம்பளப் பிள்ளைகளையும் கரை சேக்குற வழியப் பாருங்க."

"குடுக்க மாட்டேன்னு அவுக சொல்லட்டும். நீ யாரு சொல்றதுக்கு?" என்றேன்.

உண்மையில் அதுதான் என் சண்டையே. இல்லை என்று ஒரு வார்த்தை எழுதிக் கொடுத்திருந்தால் அதை எடுத்துக்கொண்டு அப்பீல் போயிருப்பேன். இல்லை என்றும் சொல்லாமல், ஆமா என்றும் சொல்லாமல் வைத்துக்கொண்டால் எங்கே போய் முட்டிக்கொள்வது? சுவரில் முட்டினாலாவது தலை வலிக்கும்.

கடைசியில் மதுரை ஆபீஸ் ஒரு காரியம் செய்தது. இவள் தொல்லை தாங்கவில்லை என்று என் மனுவையே மெட்ராஸில் இருந்த மேல் போர்டுக்கு அனுப்பிவிட்டது. அந்தப் போர்டின் முழுப் பேர் இங்கே வேண்டாம். அவ்வளவு தூரம் இவள் எங்கே வரப் போகிறாள் என்று நினைத்திருப்பார்கள். மெட்ராஸில் அது இன்னும் ஆழ்ந்து தூங்கியது.

### வெள்ளிக்கிழமை ஓட்டம்

இதற்குள் இன்னொரு பயம் வந்து சேர்ந்தது. ஓடாமல் நிற்கிற வண்டிகளை யுத்த வேலைக்கு எடுத்துக்கொள்வார்கள், முடியாவிட்டால் டயரையாவது கழற்றிக்கொள்வார்கள் என்று பேச்சு. ஒருநாள் ஒரு அதிகாரி ஷெட்டுக்கே வந்து டயரைத் தட்டிப் பார்த்துவிட்டுப் போனார். டயர் போனால் எந்தக் காலத்தில் வேறு கிடைக்கும்? ரப்பருக்கு நாடே பறந்துகொண்டிருந்தது.

மொக்கைச்சாமி அண்ணனுக்குச் சம்பளம் பாதியாகிவிட்டது. கம்பெனிக்காரர்கள் கூப்பிட்டும் அவர் போகவில்லை. ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் வந்து கரி அடுப்பைப் பற்ற வைப்பார். விசிறியின் கைப்பிடியைச் சுற்றிச் சுற்றிக் கனல் ஏற்றுவார். இஞ்சின் உறுமினதும் ஷெட்டுக்குள்ளேயே நாலு எட்டு முன்னே, நாலு எட்டு பின்னே ஓட்டுவார். ஓடாத இஞ்சின் இறுகிப்போகும், ஒரே இடத்தில் நிற்கிற டயர் வெடித்துப்போகும் என்பது அவர் வாதம்.

தெருவில் போகிறவர்கள் எட்டிப் பார்த்து, "என்னண்ணே, தேனி வந்துருச்சா?" என்று கேலி செய்வார்கள்.

"வீரபாண்டிகிட்ட வந்துட்டேன், ஏறிக்கிறியா?" என்பார் அவர்.

எனக்குச் சிரிப்பும் வரும், வயிறும் எரியும்.

### இல்லை என்று சொல்ல எவ்வளவு காலம்?

போடி பஜாரில் ஜவுளிக்கடை வைத்திருந்த ஒரு கிறிஸ்தவக் குடும்பத்தைச் சேர்ந்தவர் வக்கீல் ஞானமுத்து. மெட்ராஸ் ஹைகோர்ட்டில் வேலை பார்த்தார். யாரோ சொல்லி, என் தங்கை புருஷன் துணையோடு மதுரைக்குப் போய், அங்கிருந்து ரயிலேறி அவரைப் பார்த்தேன். முழுக் கதையையும் கேட்டுவிட்டுச் சிரிக்கத் தொடங்கினார். எனக்குக் கோபம் வந்துவிட்டது.

"எதுக்குச் சிரிக்கிறீக?"

"கோவிச்சுக்காதீங்கம்மா. உங்க மனு மதுரையிலயே கெடந்திருந்தா நான் ஒண்ணும் செஞ்சிருக்க முடியாது. இந்த வேலையை முடின்னு ஒரு ஆபீசருக்கு நேரா உத்தரவு போடணும்னா, அவரு ஆபீசு இந்தப் பட்டணத்துக்குள்ள இருக்கணும். இப்ப இருக்க சட்டம் அப்படி. உங்களை அலைய விடணும்னு இங்க அனுப்பிவச்சாக பாருங்க, அது நமக்கு நல்லதாப் போச்சு."

எனக்குப் பாதி புரிந்தது. பாதி போதும் என்று கையெழுத்துப் போட்டேன்.

வழக்கு வந்த அன்று நானும் போனேன். பின் பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். எல்லாம் இங்கிலீஷ். மின்விசிறி சுற்றுகிற சத்தம்தான் எனக்குப் புரிந்த பாஷை. ஜட்ஜ் ஐயா போர்டு வக்கீலைப் பார்த்து ஏதோ கேட்டார். போர்டு வக்கீல் காகிதக் கட்டைப் புரட்டினார், கழுத்தைத் தடவினார், மறுபடியும் புரட்டினார். ஞானமுத்து என் பக்கம் திரும்பவில்லை. ஆனால் சிரிப்பை அடக்கியதில் அவர் காது சிவந்திருந்தது.

வெளியே வந்து கேட்டேன். "என்ன கேட்டாக?"

"இல்லைன்னு சொல்றதா இருந்தாலும், அதைச் சொல்ல உங்களுக்கு எவ்வளவு காலம் வேணும்னு கேட்டார்."

அந்த ஜட்ஜ் ஐயாவின் பேர்கூட எனக்குத் தெரியாது. அவர் குடும்பம் நன்றாக இருக்க வேண்டும்.

ஆறு வாரத்துக்குள் மனுவை விசாரித்து முடிவு சொல்ல வேண்டும் என்று உத்தரவாயிற்று. ஊருக்கு வந்தால், மொக்கைச்சாமி அண்ணன் வண்டிக்கு மாலை போட்டு, சந்தனம் தெளித்து, தேங்காயோடு நிற்கிறார். "ஹைகோர்ட்டே உத்தரவு போட்டாச்சு, நாளைக்கே எடுத்துருவோம் ஆத்தா!"

"அண்ணே, பெர்மிட்டக் குடுன்னு சொல்லலண்ணே. குடுப்பியா மாட்டியான்னு சொல்லுன்னுதான் சொல்லியிருக்காக."

அவருக்கு முகம் தொங்கிவிட்டது. "இதுக்கா மெட்ராசு வரைக்கும் போனீக?"

"இதுக்குத்தான் போனேன்" என்றேன். தேங்காயை மட்டும் உடைத்துவிட்டோம். வீணாவானேன்?

பிறகு போர்டே மதுரைக்கு வந்து விசாரிப்பதாக நோட்டீஸ் வந்தது. வண்டியும் நல்ல நிலையில் இருக்கிறதா என்று காட்ட வேண்டும். ஞானமுத்து மெட்ராஸிலிருந்து தந்தி அடித்திருந்தார்: வழியில் எவரையும் ஏற்ற வேண்டாம். அதனால்தான் அனுமந்தன்பட்டி விலக்கில் என் தலையில் மண் விழுந்தது.

### துரைப்பாண்டி கொண்டுவந்த சாட்சி

ஆண்டிபட்டிக் கணவாயில் வண்டி மூச்சு வாங்கியது. நான் இறங்கிக் கரியைக் கிளறினேன். ஆள் இருந்தால் இறங்கித் தள்ளுவார்கள். காலி வண்டிக்கு யார் தள்ளுவது? எப்படியோ ஏறினோம். மதுரையில் வண்டியைச் சோதித்த இன்ஸ்பெக்டர், பிரேக்கை மிதித்தும் ஸ்டியரிங்கைத் திருப்பியும் பார்த்தார். "நிக்க வச்ச வண்டி மாதிரி தெரியலையே" என்றார். மொக்கைச்சாமி அண்ணனுக்கு ஒரு ஜாண் உயரம் கூடிவிட்டது.

மறுநாள் விசாரணை. நீள மேஜைக்கு அந்தப் பக்கம் போர்டுத் தலைவர். நடுவயது, மூக்குக் கண்ணாடி, எதிலும் அவசரமில்லாத குரல். இந்தப் பக்கம் ஞானமுத்துவும் நானும். எதிரே கம்பெனி வக்கீலும் துரைப்பாண்டியும்.

கம்பெனி வக்கீல் எழுந்தார். "இந்த அம்மாள் பெர்மிட் இல்லாமலே ஆள் ஏற்றி ஓட்டுகிறார். நேற்றுக் காலையில்கூட அனுமந்தன்பட்டி விலக்கில் ஏற்றியிருக்கிறார். சட்டத்தை மதிக்காதவருக்குப் பெர்மிட் கொடுப்பது நியாயமல்ல. ஏறிய பயணியையே சாட்சியாகக் கொண்டுவந்திருக்கிறோம்."

வாசலில் பார்த்தால், கண்டாங்கிச் சேலையை இறுக்கிக் கட்டிக்கொண்டு ஓச்சம்மாள் அக்கா வருகிறாள்.

நடந்தது இதுதான். துரைப்பாண்டி முந்தின நாள் சாயங்காலம் தேனிச் சந்தையில் அவளைத் தேடிப் பிடித்திருக்கிறான். "பேச்சி வண்டியப் பத்தி மதுரையில பெரிய ஆபீசர்கிட்ட வந்து சொல்றியா?" என்று கேட்டிருக்கிறான். "அவளப் பத்தி எனக்குச் சொல்ல நெறைய இருக்கு, வாரேன்" என்றிருக்கிறாள். என்ன சொல்லப் போகிறாய் என்று அவன் கேட்கவே இல்லை. ஏன் கேட்பான்? கூடை உள்ளே இருந்ததைத்தான் கண்ணால் பார்த்தாயிற்றே. ஏறின கூடை இறங்கியிருக்கும் என்று எங்கள் பள்ளத்தாக்கில் பிறந்த எவனுக்குத் தோன்றும்?

தலைவர் கேட்டார். "நேத்துக் காலையில இந்த அம்மா வண்டி வந்ததா?"

"வந்துச்சுங்க."

"நின்னுச்சா?"

"நின்னுச்சு."

"உங்க கூடையை ஏத்துனீங்களா?"

"ஏத்துனேன்யா! இந்தக் கையாலதான் ஏத்துனேன்!"

துரைப்பாண்டி சாய்ந்து உட்கார்ந்தான். ஞானமுத்து பேனாவை மூடினார்.

ஓச்சம்மாள் நிறுத்தவில்லை. "ஏத்துன கூடையத்தான்யா எறக்கிப்புட்டா இந்தச் சண்டாளி! வண்டி பூராவும் காலி. ஈ காக்கா கெடையாது. ஒரு மனுசி ஏறிக்கிறேன்னு கெஞ்சுறேன், சட்டம் பேசுறா எங்கிட்ட! கூடையத் தூக்கிப் புழுதியில வச்சுட்டுப் போயிட்டா. அந்தா இருக்கானே, அவன் வண்டியாச்சும் நின்னுச்சா? அதுவும் நிக்காமப் போயிருச்சு. வெயில் ஏறி, கத்தரிக்கா வதங்கி, பாதிக்கு வித்தேன். ஏத்துன கூடைய எறக்குறவளுக்கு நீங்க பெர்மிட்டு குடுப்பீகளா? இதக் கேக்கத்தான்யா வந்தேன்!"

தலைவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"அப்போ நீங்க அந்த வண்டியில போகலை?"

"எங்கிட்டுப் போக? அதத்தான சொல்லிக்கிட்டு இருக்கேன்! ஒங்களுக்குக் காது கேக்காதா?"

ஞானமுத்து கைக்குட்டையை எடுத்து வாயைப் பொத்திக்கொண்டார். துரைப்பாண்டி தரையைப் பார்த்தான். தலைவர் அவனிடம், "சாட்சியை உங்க செலவுல பத்திரமா ஊர்ல கொண்டுபோய் விட்டுடுங்க" என்றார். "அதுக்கு மொதல்ல எனக்குக் காப்பித்தண்ணி" என்றாள் ஓச்சம்மாள். போகிறபோது என் பக்கம் திரும்பி, "நீ ஏன்டி அழுகுற? திட்டு வாங்குனது நீயின்னாலும் நஷ்டப்பட்டது நானு" என்று வேறு கேட்டுவிட்டுப் போனாள். அழுதுகொண்டிருக்கிறேன் என்பது அப்போதுதான் எனக்கே தெரிந்தது.

### நாற்காலியை விட்டு எழவில்லை

இத்தோடு முடிந்தது என்று நினைப்பீர்கள். நானும் நினைத்தேன். தலைவர் காகிதங்களை அடுக்கிக் கட்டினார். "விசாரணை முடிந்தது. உத்தரவு பிறகு அனுப்பப்படும்" என்றார்.

பிறகு என்ற அந்த வார்த்தையைக் கேட்டதும் எனக்கு என்ன வந்ததோ தெரியவில்லை. அந்தப் பிறகிலேதான் நான் வருஷத்தைத் தொலைத்திருந்தேன். எல்லாரும் எழுந்தார்கள். நான் எழவில்லை.

"அம்மா, எந்திரிங்க" என்றார் ஞானமுத்து மெதுவாக.

"மாட்டேன்."

தலைவர் திரும்பிப் பார்த்தார். "என்னம்மா?"

"அய்யா, நான் படிச்சவ இல்ல. தப்பாப் பேசுனா மன்னிச்சுக்கங்க. ஹைகோர்ட்டு குடுத்த கெடு நாளான்னைக்கு முடியுது. நீங்க மெட்ராசு போயிச் சேரவே நாளாகும். அதுக்குள்ள எப்ப எழுதி எப்ப அனுப்புவீக? எனக்குப் பெர்மிட்டு குடுங்கன்னு கேக்கல. குடுக்குறேன், இல்ல குடுக்கல, ரெண்டுல ஒண்ணு இங்கன வச்சுச் சொல்லிட்டு எந்திரிங்க. அது வரைக்கும் இந்த நாக்காலிய விட்டு நகர மாட்டேன்."

ஞானமுத்து என் முழங்கையைப் பிடித்தவர் விட்டுவிட்டார். பிறகு தலைவரைப் பார்த்து, "கெடு விஷயத்தில் அம்மாள் சொல்வது சரிதான்" என்று மட்டும் சொன்னார்.

தலைவர் என்னையே பார்த்தார். கோபமா, களைப்பா, எனக்குத் தெரியவில்லை. கடைசியில் மறுபடி உட்கார்ந்தார். கட்டைப் பிரித்தார். குமாஸ்தாவைக் கூப்பிட்டு அவர் இங்கிலீஷில் சொல்லச் சொல்ல, குமாஸ்தா எழுதினார். நடுவில் என் பேர் ஒரு தடவை வந்தது. என் வீட்டுக்காரர் பேர் ஒரு தடவை வந்தது. மற்றது ஒன்றும் பிடிபடவில்லை. ஞானமுத்துவின் முகத்தைப் பார்த்தேன். வக்கீல் முகத்தில் எதைக் கண்டுபிடிப்பது?

எழுதி முடித்ததும் தலைவரே தமிழில் சொன்னார். "பெர்மிட் உங்க பேருக்கு மாத்தியாச்சு. கம்பெனியோட தற்காலிக பெர்மிட் இன்னியோட சரி. சாயங்காலத்துக்குள்ள முத்திரை போட்டு வாங்கிக்கங்க."

கை கூப்பினேன்.

"ஒண்ணு கேக்கட்டுமா?" என்றார். "நான் குடுக்க முடியாதுன்னு எழுதியிருந்தா?"

"அதையும் முத்திரை போட்டு வாங்கியிருப்பேன்யா. வாங்கிக்கிட்டு அடுத்து எங்க போகணுமோ அங்க போயிருப்பேன். நீங்க சொல்லாம இருந்ததுதான்யா எங்கிட்டயும் போக விடாமக் கட்டிப் போட்டுச்சு."

அவர் தலையை ஆட்டினார்.

முத்திரை காய்ந்த காகிதத்தை வாங்கிக்கொண்டு வெளியே வரும்போது வெயில் தாழ்ந்திருந்தது. மொக்கைச்சாமி அண்ணன் வண்டியின் முன் சக்கரத்தில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். என் முகத்தைப் பார்த்தும் எழுந்திருக்கத் தைரியம் இல்லை அவருக்கு.

"என்னாச்சு ஆத்தா? சொல்லீட்டாகளா?"

"சொல்லீட்டாகண்ணே."

"என்னன்னு?"

காகிதத்தை நீட்டினேன். படிக்கத் தெரியாது அவருக்கு. முத்திரையை விரலால் தொட்டுப் பார்த்தார். துண்டை வாயில் வைத்து அடக்கியும் முடியாமல், அத்தனை பேர் போகிற வருகிற ரோட்டில் விசும்பி விசும்பி அழ ஆரம்பித்தார். இரண்டு பேரும் உட்கார்ந்து அழுதால் யார் வண்டி ஓட்டுவது?

"அழுகைய அப்புறம் வச்சுக்கலாம்ணே" என்றேன். "அடுப்பப் பத்த வைங்க. காலையில மொத நடைக்குக் கம்பத்துல நிக்கணும்."